கெண்டைக்கு 274

எங்கள் வீட்டில் பால் கணக்கு எழுத ஒரு நாற்பது பக்க நோட்டு உண்டு. ஃபிரிட்ஜின் தலையில், நூல் கட்டிய பேனாவோடு கிடக்கும். சென்ற ஆடி மாதத்தில் ஒரு காலை, ஒன்றரை லிட்டர் என்று எழுதப் போனவன் கடைசிப் பக்கத்தைப் பார்த்து அப்படியே நின்றுவிட்டேன். நான் ரகசியமாகப் போட்டு வைத்திருந்த ஒரு கணக்கைச் சுற்றிச் சிவப்பு மையில் வட்டம். பக்கத்தில் பிள்ளைகளைக் கலங்கடிக்கும் அதே சாய்ந்த கையெழுத்தில்: ‘வர்க்கம் எங்கே? தவறு.’

என் மனைவி பி.எஸ்ஸி. கணிதம். சாயங்காலம் வராந்தாவில் பத்துப் பன்னிரண்டு பிள்ளைகளுக்கு டியூஷன் எடுப்பவள். இருபத்திரண்டு வருஷ இல்லறத்தில் என்னைப் பல விதமாகத் திருத்தியிருக்கிறாள். எழுத்து மூலமாகத் திருத்தியது அதுதான் முதல் தடவை.

அது பால் கணக்கு அல்ல, மீன் கணக்கு. மீனும் கடையில் வாங்கிய மீன் அல்ல. செல்போனுக்குள் துள்ளுகிற ஒரு மீன், எவ்வளவுதான் ஊட்டி வளர்த்தாலும் அதிகபட்சம் எத்தனை பலத்தோடு சண்டை போடும் என்று, நாற்பத்தொன்பது வயதில், ஒரு கம்பெனியின் கணக்குப் பிரிவில் சம்பளம் வாங்குகிறவன், ராத்திரி பதினொரு மணிக்கு அடுப்படி வெளிச்சத்தில் உட்கார்ந்து போட்ட கணக்கு.

இந்த நிலைக்கு நான் எப்படி வந்தேன் என்பதைச் சொல்லிவிடுகிறேன். குற்றவாளி டாக்டர். வெறும் வயிற்றில் 168 இருந்த சர்க்கரையைப் பார்த்துவிட்டு, “தினம் நாலு கிலோமீட்டர் நடங்க” என்றார். நான் நடக்காமல் இருப்பதற்கு வைத்திருந்த காரணங்களைத் தனி நோட்டில்தான் எழுத வேண்டும். நாய், மழை, முழங்கால், செருப்பு வார், மார்கழிப் பனி, மார்கழி அல்லாத மாதங்களில் வெயில். ஒன்பதாவது படிக்கிற மகன் இதையெல்லாம் ஒரு வாரம் கேட்டுவிட்டு, என் செல்போனை வாங்கி ‘போக்கிமான் கோ’வை ஏற்றிக் கொடுத்தான். “நடந்தாத்தான் முட்டை பொரியும்ப்பா. உக்காந்திருந்தா ஒண்ணும் வராது” என்றான். அரசாங்கமே சொல்லியிருந்தாலும் நான் இவ்வளவு சீக்கிரம் கேட்டிருக்க மாட்டேன்.

உலகத்துக்கு இந்த ஆட்டம் பழசு. 2016 ஜூலையில் ஆஸ்திரேலியா, நியூசிலாந்து, அமெரிக்கா என்று வெளிவந்து, அந்த ஊர்களில் ஜனங்கள் ராத்திரி நேரத்தில் பூங்காக்களில் செல்போனும் கையுமாக ஓடினார்கள். நம் நாட்டுக்கு ஜியோவோடு கைகோத்து வந்தது அதே வருஷம் டிசம்பரில். அந்த டிசம்பரில் நாமெல்லாம் ஏ.டி.எம். வாசலில் 2,000 ரூபாய் நோட்டைப் பிடிக்க வரிசையில் நின்றுகொண்டிருந்தோம். வேறு பிராணிகளைப் பிடிக்க நேரமில்லை. அதனால் எனக்கு இது பல வருஷம் கழித்துத்தான் வந்து சேர்ந்தது. அம்மையும் அப்படித்தான், வயதான பிறகு வந்தால் கடுமை அதிகம்.

முதல் நாளே மானம் போயிற்று. “ஸ்டாப்ல போய் நின்னு சுத்துங்கப்பா, பந்து கிடைக்கும்” என்றான் மகன். திருநகர்க்காரனுக்கு ஸ்டாப் என்றால் ஒரே அர்த்தம். எங்கள் பேட்டையில் விலாசமே பஸ் ஸ்டாப்பை வைத்துத்தான். முதல் ஸ்டாப், இரண்டாவது ஸ்டாப், மூன்றாவது ஸ்டாப் என்று சொன்னால் ஆட்டோக்காரர் மேற்கொண்டு கேட்க மாட்டார். நான் போய் மூன்றாவது ஸ்டாப்பில் நின்று, திருமங்கலம் போகிற பஸ்களுக்கு நடுவில், செல்போனைக் கையில் பிடித்துக்கொண்டு நானே சுற்றினேன். ஒரு முழுச் சுற்று. பூக்கார அம்மா, “என்ன சார், தலை கிறுகிறுங்குதா?” என்று தண்ணீர் பாட்டிலை நீட்டினார். பிறகுதான் தெரிந்தது, அந்த ஸ்டாப் செல்போனுக்குள் இருக்கிற நீல வட்டம், சுற்ற வேண்டியது அதைத்தான் என்று. இந்த ஆட்டத்தைச் செய்த நியான்டிக் கம்பெனி இதற்கு முன் ‘இன்க்ரெஸ்’ என்று ஓர் ஆட்டம் நடத்தியது. அதை ஆடியவர்கள் ஊர் ஊராகக் கோயில், சிலை, சுவரோவியம் என்று குறித்துக் கொடுத்த இடங்கள்தான் இதில் ஸ்டாப்புகள் ஆயின.

அடுத்தது ‘பட்டி’. கூடவே நடக்கிற பிராணிக்கு அந்தப் பெயராம். எனக்குத் தெரிந்த பட்டி பக்கத்திலிருக்கிற ஹார்விபட்டிதான். “பட்டியை மாத்துங்கப்பா” என்று மகன் சொன்னதும், தெற்கே நடந்துகொண்டிருந்தவன் திரும்பி ஹார்விபட்டிக்கு ஒரு நடை போய் வந்தேன். ஒன்றரைக் கிலோமீட்டர் கூடுதல். டாக்டர் கேட்டால் சந்தோஷப்பட்டிருப்பார்.

அத்தைக்கு மட்டும் இந்த விஷயம் ஒத்துக்கொள்ளவில்லை. அத்தை என்றால் என் மாமியார், எங்களோடுதான் இருக்கிறார். வெள்ளிக்கிழமை திருப்பரங்குன்றம் சந்நிதித் தெருவில் நடக்கும்போது என் செல்போன் நடுங்கி, திரையில் முட்டை ஒன்று விரிசல் விட்டது. “மாப்பிள்ளை, கோயில் வாசல்ல முட்டையா?” என்று அவர் கையை உதறிக்கொண்டார். அவரைச் சொல்லிக் குற்றமில்லை. 2016-லேயே குஜராத் உயர் நீதிமன்றத்தில், வழிபாட்டு இடங்களில் இந்த ஆட்டத்தின் முட்டைகள் கிடைப்பது மனத்தைப் புண்படுத்துகிறது என்று ஒருவர் பொதுநல வழக்கே போட்டு, நியான்டிக்குக்கு நோட்டீஸ் போனது. அத்தை வழக்குப் போடவில்லை. இரண்டு நாள் எனக்குக் காப்பி மட்டும் தன் கையால் தரவில்லை.

இந்தப் பிராணிகளை உண்டாக்கிய சதோஷி தாஜிரி என்ற ஜப்பானியர் சின்ன வயதில் பூச்சி பிடித்துத் திரிந்தவர். அந்த ஆசையைத்தான் 1996-இல் விளையாட்டாக்கினார். படித்ததும் எனக்குக் கொஞ்சம் வயிற்றெரிச்சல். நாங்கள் பிடிக்காத பூச்சியா? தீப்பெட்டிக்குள் பொன்வண்டை வைத்து, கொடுக்காப்புளி இலை போட்டு, முட்டை வைத்ததா என்று வகுப்பு நடுவில் அரை அங்குலம் திறந்து பார்த்தவர்கள் நாங்கள். என் பொன்வண்டு பெரிசா, உன் பொன்வண்டு பெரிசா என்று சண்டை வேறு. வளர்ந்ததும் மல்யுத்தக்காரர்கள் படம் போட்ட ட்ரம்ப் கார்டு. உயரம், எடை, மார்பளவு, ஜெயித்த சண்டை என்று வாசித்து எதிராளி சீட்டைப் பிடுங்கினோம். ஆக, பிராணியை எண்ணாக்கி அளக்கிற புத்தி எனக்குள் முப்பது வருஷம் தூங்கிக்கொண்டிருந்தது. மகன் தட்டி எழுப்பிவிட்டான்.

இனி மீன்.

திருப்பரங்குன்றம் தென்கால் கண்மாய்க் கரையில் நான் முதலில் பிடித்தது மேஜிகார்ப் என்கிற மீன். கண்மாயில் தண்ணீர் இருக்கிறதோ இல்லையோ, ஆட்டத்தின் வரைபடத்தில் இருக்கிறது. நீர்ப் பக்கம் மீன் வகையறா அதிகமாக வரும். சிவப்பாக, கொழுக்கென்று, வாயைத் திறந்துகொண்டு துள்ளும். மகன் பார்த்துவிட்டுச் சிரித்தான். “இருக்கறதுலயே வேஸ்ட்டுப்பா இது. துள்ள மட்டும்தான் தெரியும்.” என்ன சாதி மீன் என்று கேட்டேன். கெண்டை என்றான்.

அங்கேதான் எனக்குச் சுருக்கென்றது. கெண்டையா வேஸ்ட்? பாண்டியன் கொடியில் இருந்தது கயல். மதுரையில் ஆளுகிற அம்மன் பெயரே மீனாட்சி. பரங்குன்றத்து மலை மேலே காசி விசுவநாதர் கோயில் சுனையில் மச்சமுனிச் சித்தர் மீன் வடிவில் இருக்கிறார் என்று ஜனங்கள் படியேறிப் போய் மீனுக்குத் தயிர் ஊற்றிவிட்டு வருகிறார்கள். உலகத்தில் வேறெந்த ஊரில் மீனுக்குத் தயிர்? அப்பேர்ப்பட்ட சீமையில், ஒன்பதாவது படிக்கிற பயல் கெண்டையை வேஸ்ட் என்கிறான். போதாததற்கு, இந்தக் கெண்டை பரிணமித்தால் கையராடோஸ் என்ற பெரிய கடல்நாகம் ஆகுமாம். மஞ்சளாற்றில் ஓர் அருவியைத் தாண்டிக் குதிக்கிற கெண்டை டிராகன் ஆகிவிடும் என்பது சீனத்துப் பழங்கதை, அதிலிருந்து எடுத்தது. ஆனால் மாற்றுவதற்கு 400 மிட்டாய் வேண்டும். ஒரு மீன் பிடித்தால் மூன்று. பட்டியாகக் கூட்டிக்கொண்டு நடந்தால் கிலோமீட்டருக்கு ஒன்று. சர்க்கரைக்காரன் 400 மிட்டாய் சேர்ப்பதென்று அன்றைக்கே முடிவு செய்தேன். அந்த முதல் மீனுக்குப் ‘பாண்டியன்’ என்று பெயரும் வைத்தேன். அதன் போர்வலு 10. இந்த ஆட்டத்தில் 10-க்குக் கீழே எண்ணே கிடையாது.

எண் என்று வந்துவிட்டால் கணக்குப் பிரிவுக்காரன் சும்மா இருப்பானா? மேலே காட்டுகிற அந்தப் போர்வலு, அதாவது சி.பி., எங்கிருந்து வருகிறது என்று குடைந்தேன். ஆட்டக்காரர்கள் ஆட்டத்தின் தரவுகளைப் பிரித்து மேய்ந்து கண்டுபிடித்து வைத்திருக்கிறார்கள். ஒவ்வொரு இனத்துக்கும் மூன்று அடிப்படை எண்கள்: தாக்குதல், தற்காப்பு, உயிர். மேஜிகார்ப்புக்கு 29, 85, 85. அதோடு, பிடிபடுகிற ஒவ்வொரு மீனுக்கும் பிறவியிலேயே இந்த மூன்றிலும் 0 முதல் 15 வரை ஏதோ ஒரு போனஸ் ஒளிந்திருக்கும். ஐ.வி. என்பார்கள். தலையெழுத்து என்று நான் புரிந்துகொண்டேன். கூட்டிய தாக்குதலை அப்படியே எடுத்து, தற்காப்பின் வர்க்கமூலத்தாலும் உயிரின் வர்க்கமூலத்தாலும் பெருக்கி, மீன் வளர்ந்திருக்கிற நிலைக்கென்று உள்ள ஒரு பின்னத்தின் வர்க்கத்தால் பெருக்கி, பத்தால் வகுத்து, தசமத்தைத் தள்ளிவிட்டால் சி.பி.

உச்சபட்சம் வேண்டுமென்றால் மூன்றிலும் 15 போட வேண்டும். எனக்குக் கண்ணில் நீர் வந்தது. 85-ம் 15-ம் நூறு. நூறின் மூலம் பத்து. இரண்டு இடத்திலும் பத்து! தாக்குதல் 29-ம் 15-ம் 44. பத்தைப் பத்தால் பெருக்கி, 44-ஆல் பெருக்கி, பத்தால் வகுத்தால் 440. கால்குலேட்டரே வேண்டாம். ஆண்டவன் கணக்குப் பிரிவுக்காரனுக்கென்றே படைத்த மீன். நாற்பதாம் நிலைக்கான பின்னம் 0.7903. பெருக்கினேன். 347. அடிக்கோடு இரண்டு போட்டேன். மறுநாள் காலை மகனிடம், “உன் மேஜிகார்ப்பை நாற்பதாம் நிலை வரைக்கும் ஏத்தினாலும் 347-க்கு மேல போகாது தெரியுமா?” என்று மிதப்பாகச் சொன்னேன். பயல் வாயைத் திறந்து பார்த்தான். வெகு காலம் கழித்து வீட்டில் எனக்கு ஒரு மரியாதை.

அந்த 347-ஐச் சுற்றித்தான் சிவப்பு வட்டம்.

“பின்னத்தை ஸ்கொயர் பண்ணணும்னு மேல நீங்களே எழுதிட்டு, கீழ பண்ணாம விட்டிருக்கீங்க” என்றாள், தோசையைத் திருப்பிக்கொண்டே. “0.7903 ஸ்கொயர் 0.6246 வரும். 440-ஆல பெருக்குங்க. 274. தசமத்தைத் தள்ளிருங்க.” தோசை தட்டில் விழுந்தது. “ஒம்பதாங்கிளாஸ் பிள்ளைங்க இந்தத் தப்பைப் பண்ணினா நான் அஞ்சு தடவை எழுதச் சொல்லுவேன். உங்களுக்கு வேணாம். சாப்பிடுங்க.” பால் கணக்கில் ரூட் எதற்கு, மீன் எதற்கு, ராத்திரி பதினொரு மணி எதற்கு என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. விடை தப்பு என்பதுதான் அவளுக்குப் பொறுக்கவில்லை. மகன் அறையிலிருந்து சிரிப்புச் சத்தம் கேட்டது. எனக்கு வந்த மரியாதையின் ஆயுள் மூன்று நாள்.

அந்தப் பின்னத்தைப் பற்றி ஒரு வார்த்தை. முதல் நிலையில் 0.094. பத்தில் 0.4225. இருபதில் 0.5974. முப்பதில் 0.7317. அதுவரை பாய்ந்து வந்தது அதற்கப்புறம் மூச்சு வாங்குகிறது. நாற்பதில் 0.7903, ஐம்பதில் 0.8403. அவ்வளவுதான். முப்பதுக்கு மேல் இன்கிரிமென்ட் எப்படி இருக்கும் என்று தெரிந்த யாரோதான் இதை எழுதியிருக்க வேண்டும். 2020 கடைசியில் ஐம்பதாம் நிலை வரை ஏற்றலாம் என்று திறந்துவிட்டார்கள். கெண்டை அப்படி ஏறினால் 274 என்பது 310 ஆகும். இந்த 36-க்குச் செலவு 296 எக்ஸ்.எல். மிட்டாய், ஸ்டார்டஸ்ட் என்கிற நட்சத்திரத் தூள் 2,50,000. எங்கள் ஆபீசில் இதைச் செலவுக் கணக்கு என்று வைத்தால் ஆடிட்டர் என் முகத்தைப் பார்ப்பார்.

மூன்றிலும் பதினைந்து உள்ள மீன் காட்டில் கிடைக்க 4,096-இல் ஒரு வாய்ப்பு. பதினாறைப் பதினாறால் பெருக்கி மறுபடி பதினாறால் பெருக்கிக்கொள்ளுங்கள். எனக்குப் புரட்டாசி வாக்கில் கிடைத்தது 13, 15, 15. இதன் உச்சம் 262; மனைவியிடம் காட்டிச் சரிபார்த்துக்கொண்டேன். நல்ல மீன். மூன்று நட்சத்திரம். ஆனால் என் மனசு அந்தப் பன்னிரண்டிலேயே நின்றது. மகன் ஒருமுறை கணக்கில் 98 வாங்கி வந்தபோது “அந்த ரெண்டு எங்கடா?” என்று கேட்டவன் நான். இப்போது மீனைப் பிடித்து வைத்துக்கொண்டு “அந்தப் பன்னிரண்டு எங்கே?” என்று கேட்கிறேன். இதற்குப் ‘பாண்டியன் 2’ என்று பெயர் வைத்தேன். இந்தப் பெயர் பின்னால் என்ன செய்தது என்பதற்கு வருகிறேன்.

சூத்திரத்தைத் திரும்பத் திரும்பப் பார்த்ததில் வேறொரு விஷயம் உறைத்தது. தாக்குதலை முழுசாக எடுக்கிறான். தற்காப்பையும் உயிரையும் மட்டும் வர்க்கமூலத்துக்குள் தள்ளிவிடுகிறான். ஒருவன் நூறு மடங்கு பொறுத்துக்கொண்டாலும் பத்து மடங்குதான் கணக்கில் ஏறும். பத்து மடங்கு எதிர்த்துப் பேசினால் பத்தும் அப்படியே ஏறும். இருபத்திரண்டு வருஷமாக எனக்குப் புரியாமல் இருந்த பல விஷயங்கள் அந்த அடுப்படி வெளிச்சத்தில் புரிந்தன. ஆபீசில் பதவி உயர்வு யாருக்குப் போயிற்று, கல்யாண வீட்டில் முதல் பந்தியில் யாருக்கு இடம் கிடைத்தது, அப்பார்ட்மென்ட் மீட்டிங்கில் பார்க்கிங் யாருக்குப் போயிற்று, எல்லாம்.

எனக்கென்று ஒரு பிராணி இருக்குமா என்று தேடினேன். இருக்கிறது. ஷக்கிள் என்று பெயர். பொத்தல் விழுந்த ஓட்டுக்குள்ளிருந்து மஞ்சளாகத் தலையை நீட்டிப் பார்க்கும். தற்காப்பு 396, அவ்வளவு பெரிய கையராடோசுக்கே 186-தான். ஷக்கிளின் தாக்குதலோ 17. துள்ள மட்டும் தெரிந்த கெண்டைக்குக்கூட 29 இருக்கிறது. போனஸ் முழுசும் சேர்த்து நாற்பதாம் நிலைக்கு ஏற்றினால் ஷக்கிளின் உச்சபட்சம் 405. அதே நிலையில் கையராடோஸ் 3391. நான் இந்த வீட்டில் யார் என்று யாராவது கேட்டால் இனி விளக்க வேண்டியதில்லை, படத்தைக் காட்டினால் போதும். மனைவியிடம் காட்டினேன். கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டுக் கொஞ்ச நேரம் பார்த்தாள். “அட்டாக் 17 இருக்கா?” என்று கேட்டாள்.

மகன் ஆறுதல் சொன்னான். சண்டையில் ‘கிரேட் லீக்’ என்று ஒன்று உண்டு, சி.பி. 1,500-க்கு மேல் உள்ளே விட மாட்டார்கள். அங்கே பிறவித் தாக்குதல் 0, மற்ற இரண்டும் 15 என்று இருப்பதைத்தான் பெரும்பாலும் தேடுவார்களாம். தாக்குதல் குறைந்தால் சி.பி. மெதுவாக ஏறும், அதனால் அதே 1,500-க்குள் அதிக நிலைக்கு வளர்த்து அதிக நேரம் தாக்குப்பிடிக்க வைக்கலாம். “உங்களை மாதிரி ஆளுங்கதாம்ப்பா அங்க கெத்து” என்றான். அந்த வாரம் முழுவதும் கொஞ்சம் நிமிர்ந்து நடந்தேன்.

எங்களுக்குப் பால் ஊற்றுகிறவர் அவனியாபுரம் பக்கம். வீட்டில் ஒரு ஜல்லிக்கட்டுக் காளை வைத்திருக்கிறார். தை முதல் நாள் அவனியாபுரம் வாடியில் அவிழ்ப்பது அவர் வருஷத்தின் ஒரே லட்சியம். நோட்டில் கையெழுத்துப் போட வந்தவர் கடைசிப் பக்கத்தைப் பார்த்துவிட்டு, “என்ன சார், பாலுக்கு இம்புட்டுக் கணக்கு?” என்று பதறினார். பாக்கியில் ஏதோ தகராறு செய்யப் போகிறேன் என்று நினைத்துவிட்டார். சமாதானம் சொல்வதற்காக முழுக் கதையையும் சொல்ல வேண்டியதாயிற்று. ஆச்சரியம், சிரிக்கவில்லை. கேனைக் கீழே வைத்துவிட்டுக் கவனமாகக் கேட்டார்.

“நாங்களும் பாப்பம்ல சார். சுழி பாப்போம். நெத்தியில, முதுகுல, எங்க சுழி விழுந்திருக்குன்னு. திமிலு பாப்போம், கொம்பு பாப்போம், கண்ணு பாப்போம். கன்னுக்குட்டியிலயே தெரிஞ்சுபோகும், இது நிக்குமா ஓடுமான்னு.”

“அப்ப உங்க காளையோட மேக்ஸிமம் எவ்வளவு?” என்றேன், பேனாவை எடுத்துக்கொண்டு.

“அது வாடிக்குப் போனாத்தேன் சார் தெரியும். போன வருசம் சுழி சுத்தமான மாடு ஒண்ணு, வாடியத் தாண்டி வந்து நேரா வீட்டுக்கு ஓடியாந்து தண்ணித்தொட்டியில வாய வச்சிருச்சு.” கேனைத் தூக்கியவர் வாசலில் நின்று திரும்பினார். “ஒங்க மீனு எப்ப சார் அவுக்கிறீங்க?”

நாள் குறித்தேன். 400-வது மிட்டாய் மாசி மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை சேர்ந்தது. பதினோரு மாதம், இரண்டு ஜோடி செருப்பு, தெரு நாய்களோடு ஏழு உடன்படிக்கை. வீட்டில் வைத்து மாற்ற மனம் வரவில்லை. கெண்டை நாகமாகிற காரியம் நீர்க்கரையில் நடப்பதுதான் முறை என்று திருப்பரங்குன்றம் சரவணப் பொய்கைக்குப் போனேன். படிக்கட்டில் துணி துவைக்கிற சத்தம். தண்ணீருக்குள் பையன்கள். யாரோ வீசிய பொரிக்கு அசல் மீன்கள் மொய்த்துக்கொண்டிருந்தன. மூன்றாவது படியில் உட்கார்ந்தேன். வியர்வையில் கண்ணாடி மங்கியிருந்தது. கழற்றி மடியில் வைத்தேன்.

இங்கே கொஞ்சம் நிறுத்தி, சரித்திரத்தைத் துணைக்கு அழைக்கிறேன். பாண்டியர் வரலாறு படித்தவர்களுக்குத் தெரியும், மாறவர்மன், சடையவர்மன், சுந்தர பாண்டியன், குலசேகரன் என்று அதே பெயர்களைத் திரும்பத் திரும்ப வைத்துக்கொண்டார்கள். எந்தக் கல்வெட்டு எந்தச் சுந்தர பாண்டியனுடையது என்று பிரிக்க அறிஞர்களே திணறியிருக்கிறார்கள், அதுவும் கண்ணாடி போட்டுக்கொண்டு. ஆகவே கண்ணாடி போடாத ஒருவன், வெயிலில் மங்கித் தெரிகிற திரையில், ‘பாண்டியன் 2’ என்று நினைத்துப் ‘பாண்டியன்’ மேல் விரலை வைத்துவிட்டதைப் பெரிய குற்றமாக எடுத்துக்கொள்ளக் கூடாது. நிச்சயமாகவா என்று செல்போன் ஒரு தடவை கேட்கத்தான் கேட்டது. நிச்சயமாக என்று நானும் சொன்னேன்.

நீல வெளிச்சம் சுழன்றது. கெண்டை உருண்டு, நீண்டு, கொம்பு முளைத்து, வாயைப் பிளந்த கடல்நாகம் எழுந்து நின்றது. கர்ஜித்தது. பக்கத்துப் படியில் இருந்த பையன் ஒருவன் எட்டிப் பார்த்து, “மாஸ் அங்கிள்” என்றான். கண்ணாடியை எடுத்துப் போட்டேன். தலைக்கு மேலே எண் தெரிந்தது.

42.

முதல் நாள் பிடித்த அந்தப் பத்துப் புள்ளி மீன். பிறவி போனஸ் 1, 2, 0. பெற்ற பாசத்துக்காகத் தூக்கிப் போடாமல் வைத்திருந்தது. நிலை ஒன்று. பின்னம் 0.094. சரியாகப் போட்டுப் பாருங்கள், வர்க்கத்தை மறக்காமல்: 42-தான் வரும். செல்போன் நியாயமாகத்தான் நடந்துகொண்டிருக்கிறது.

வீட்டுக்குத் திரும்பும்போது மூன்றாவது ஸ்டாப்பில் பருத்திப்பால் வண்டி நின்றது. கருப்பட்டி போட்டது. இரண்டு டம்ளர் குடித்தேன். அன்றைக்கு மட்டும் என்று சொல்ல ஆசைதான். பதினோரு மாதமும் நடை முடிகிற இடம் அந்த வண்டியாகத்தான் இருந்தது. சர்க்கரை 168-இலிருந்து 161-க்கு வந்திருப்பதற்கும், டாக்டர் தலையைச் சொறிந்ததற்கும் அதுதான் காரணம். அவருக்கு இதுவரை சொல்லவில்லை.

ராத்திரி மனைவியிடம் சொன்னேன். சிரிப்பாள் என்று எதிர்பார்த்தேன். பால் நோட்டைக் கொண்டு வரச் சொன்னாள். சிவப்புப் பேனாவை எடுத்தாள். இந்த 1, 2, 0-வையே நாற்பதாம் நிலைக்கு வளர்த்தால் எவ்வளவு என்று போட்டாள்: 238, 188-இன் மூலம், 216-இன் மூலம். 2995 வந்தது. முழு போனஸ் உள்ள கையராடோசுக்கு 3391. கழித்தாள். “396” என்றாள். பேனா நின்றது. “உங்க ஷக்கிளோட தற்காப்பு நம்பர் இல்ல?” இரண்டு பேரும் கொஞ்ச நேரம் அந்த எண்ணைப் பார்த்துக்கொண்டிருந்தோம். பிறகு அவள் கீழே எழுதினாள்: முதல் நிலையிலிருந்து நாற்பதுக்கு ஏற்ற மிட்டாய் 304, ஸ்டார்டஸ்ட் 2,70,000. பிடிக்கிற ஒரு மீனுக்கு ஸ்டார்டஸ்ட் நூறு என்று வைத்தால் 2,700 மீன். “இதையே வளத்துருங்க. இன்னொண்ணுக்கு நானூறு சேக்க உங்க முழங்கால் தாங்காது.” பாண்டியன் 2, எவ்வளவு நல்ல ஐ.வி. இருந்தும், இன்னும் துள்ளிக்கொண்டே இருக்கிறான்.

எனவே திருநகர்வாசிகளுக்கும், காலை வேளையில் அந்தப் பக்கம் பால் வண்டி, பள்ளி வேன், ஷேர் ஆட்டோ ஓட்டுகிறவர்களுக்கும் ஒரு விண்ணப்பம். ஐந்தரை மணி வாக்கில் மூன்றாவது ஸ்டாப்பிலிருந்து தென்கால் கண்மாய்ப் பக்கம், செல்போனை நெஞ்சுக்கு நேரே பிடித்தபடி ஒருவர் ஓரமாக நடந்து வந்தால், பின்னால் வந்து திடீரென்று ஹாரன் அடிக்காதீர்கள். பருத்திப்பால் வண்டிக்காரரும் அவர் கேட்டால் ஒரு டம்ளருக்கு மேல் தர வேண்டாம். இன்னும் 291 மிட்டாய் பாக்கி இருக்கிறது.